தெருமுனை பேக்கரியின் கலெத் தெ ருவா: 32 யூரோவுக்குத் தகும்

ஜனவரி பிறந்துவிட்டால் பாரிஸில் எந்த பேக்கரிக் கண்ணாடிக்குள் எட்டிப் பார்த்தாலும் கலெத் தெ ருவாதான். குழந்தை ஏசுவைக் காண மூன்று ராஜாக்கள் வந்ததை நினைத்து ஜனவரி 6-ஆம் தேதி கொண்டாடும் திருநாளுக்காக, அடுக்கடுக்கான மாவுக்குள் பாதாம் பூரணம் வைத்து வட்டமாகச் சுடும் பலகாரம் இது. மாதம் முடியும்வரை விற்பார்கள். இந்த வருடம் வீட்டு விருந்துக்கு எங்கள் தெருமுனையில் இருக்கும் சின்னக் கடையில் ஆறு பேருக்கானதை வாங்கினேன். விலை 32 யூரோ. சூப்பர் மார்க்கெட்டில் இதில் கால்வாசி விலைக்கே கிடைக்கும்போது இதில் அப்படி என்ன இருக்கிறது என்று கேட்பவர்களுக்காக எழுதுகிறேன்.

முதலில் மேலோடு. மாவுக்குள் வெண்ணெயைப் பொதிந்து தேய்த்து, மூன்றாக மடித்து, குளிர வைத்து, திருப்பிப் போட்டு மறுபடி தேய்ப்பார்கள். இப்படி ஆறு முறை மடித்தால் வெண்ணெய் 729 அடுக்காகிவிடும். ஓவன் சூட்டில் மாவிலும் வெண்ணெயிலும் இருக்கும் ஈரம் ஆவியாகி ஒவ்வொரு அடுக்கையும் மேலே தூக்கும். அவசரப்பட்டால், வெண்ணெய் உருகி மாவோடு கலந்துவிட்டால், அவ்வளவுதான், அடுக்கே வராது. இந்தக் கடைக்காரர் அவசரப்படவில்லை. கத்தியை வைத்ததும் மேலோடு சரசரவென்று உடைந்தது. வெட்டிய பக்கத்தைத் திருப்பிப் பார்த்தால் மெல்லிய ஏடுகள் தனித்தனியாகத் தெரிந்தன. நான் முக்கியமாகப் பார்ப்பது அடிப்பாகத்தை. பாதாம் பூரணத்தின் ஈரம் இறங்கி அடி வெளுத்துப்போய்ச் சொதசொதவென்று இருப்பதுதான் பல கடைகளில் நடக்கும். இதில் அடியும் நன்றாகச் சிவந்திருந்தது. ஒரு துண்டைக் கையில் நீட்டிப் பிடித்தேன், நுனி தொங்கவே இல்லை.

பூரணத்துக்கு இங்கே ஃபிராஞ்சிபான் என்று பெயர். பாதாம்தூள், வெண்ணெய், சர்க்கரை, முட்டை சேர்த்த கலவையில் கொஞ்சம் கஸ்டர்ட் கிரீமையும் கலப்பார்கள். மலிவான கலெத்தில் வாயில் வைத்ததும் கசப்புப் பாதாம் எசன்ஸ் வாசனைதான் மூக்கில் ஏறும். இதில் அது துளியும் இல்லை. பாதாமைச் சற்றுக் கரகரப்பாக அரைத்திருந்தார்கள், பல்லில் பட்டது. இனிப்பு அளவோடு இருந்தது. ரம் கொஞ்சம் விட்டிருப்பதாகக் கடையிலேயே சொன்னார்கள். மது சாப்பிடாதவர்கள் வீட்டில் இருந்தால் வாங்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள்.

குறை ஒன்று உண்டு. விளிம்பில் இரண்டு விரல் அகலத்துக்குப் பூரணமே கிடையாது. மேல்மாவும் அடிமாவும் ஒட்ட ஓரத்தில் இடம் விடத்தான் வேண்டும், சரி. ஆனால் இவ்வளவு தேவையில்லை. வெறும் மாவைக் கடித்துக்கொண்டிருப்பதுபோல் ஆகிவிடுகிறது. இந்த விலைக்கு அது வருத்தம்தான்.

அப்புறம் ஃபேவ். கலெத்துக்குள் ஒளித்து வைக்கும் குட்டிப் பீங்கான் பொம்மை. முற்காலத்தில் நிஜமான காய்ந்த அவரை விதையைத்தான் வைத்தார்கள், பீங்கான் வந்தது 19-ஆம் நூற்றாண்டில். இதைச் சேகரிப்பதையே வாழ்நாள் பொழுதுபோக்காக வைத்திருப்பவர்கள் பிரான்சில் ஏராளம். யார் துண்டில் வருகிறதோ அவர்தான் அன்றைய ராஜா அல்லது ராணி. வீட்டில் ஆகச் சிறியவர் மேசைக்கடியில் போய் உட்கார்ந்து எந்தத் துண்டு யாருக்கு என்று சொல்ல வேண்டும். என் மகள் அடியிலிருந்து "இது சித்தப்பாவுக்கு, அடுத்தது பாட்டிக்கு" என்று கத்தக் கத்த நான் எடுத்து வைத்தேன். ஃபேவ் பாட்டிக்கு வந்தது. கூடை சுமந்த பேக்கரிக்காரர் பொம்மை, விரல் நுனி அளவு, தொப்பியின் மடிப்புவரை வண்ணம் தீட்டியிருந்தார்கள். அதை ஓரத்துக்குப் பக்கத்தில் வைத்திருந்ததால் வெட்டும்போது கத்தியில் இடிக்கவும் இல்லை. இதெல்லாம் தொழில் தெரிந்தவர் கை. கூடக் கொடுத்த தங்கக் காகிதக் கிரீடம் மட்டும் தடவினாலே கிழிகிற ரகம்.

எலிசே மாளிகையில் பிரான்ஸ் ஜனாதிபதிக்குக் கொடுக்கும் கலெத்தில் ஃபேவ் வைப்பதே இல்லை. குடியரசின் தலைவர் ராஜாவாகக் கூடாது அல்லவா? எனக்கு மிகவும் பிடித்த வழக்கம் இது.

வாங்குபவர்கள் ஒரு விஷயத்தைத் தெரிந்துகொள்ள வேண்டும். 1998-ஆம் ஆண்டுச் சட்டப்படி, அங்கேயே மாவு பிசைந்து சுடுகிறவர்கள்தான் கடைக்கு 'பூலாஞ்ச்ரி', அதாவது ரொட்டிக் கடை, என்று பெயர் வைக்கலாம். ஆனால் அது ரொட்டிக்கு மட்டும்தான். கலெத்தைத் தொழிற்சாலையிலிருந்து உறைந்த நிலையில் வரவழைத்துச் சுட்டு விற்றாலும் பலகை அப்படியே இருக்கும். அதனால் கடையின் பலகையை நம்பாமல், கலெத்தை இங்கேயே செய்கிறீர்களா என்று நேராகக் கேளுங்கள். நான் கேட்டதும் இந்தக் கடைப் பெண்மணி, பின்னால் மாவு தேய்த்துக்கொண்டிருந்தவரையே காட்டினார்.

வீட்டுக்குக் கொண்டுவந்ததும் மைக்ரோவேவில் வைத்துவிடாதீர்கள், மேலோடு ரப்பராகிவிடும். ஓவனில் 150 டிகிரியில் பத்து நிமிடம் போதும். வெண்ணெய் வாசனை வந்ததும் எடுத்துவிடலாம். சில்லென்று சாப்பிட்டால் இதன் அருமை பாதிகூடத் தெரியாது.

தெற்கே புரோவான்ஸ் பக்கம் சர்க்கரைப் பாகில் ஊறிய பழங்கள் பதித்த பிரியோஷ் (வெண்ணெயும் முட்டையும் சேர்த்த மெத்தென்ற ரொட்டி) வளையத்தைத்தான் இந்த நாளுக்கு வெட்டுவார்கள். இந்தக் கடையில் அதுவும் இருந்தது, நான் வாங்கவில்லை. நான்கு பேருக்கான கலெத் 23 யூரோ. ஞாயிற்றுக்கிழமைக்கு வேண்டுமென்றால் வெள்ளிக்கிழமைக்குள் சொல்லி வைக்க வேண்டும், திங்கட்கிழமை விடுமுறை.