பாட்டுப் போட்டி முடிந்த பிறகு: பின்னணியா, மேடையா, சொந்தப் பாட்டா?

டிவி பாட்டுப் போட்டியில் பாடிவிட்டு வெளியே வருகிறவர்களுக்குக் கொஞ்ச காலம் நல்ல காலம். பஸ்ஸில் அடையாளம் கண்டு பேசுவார்கள், கடைசி எபிசோட் க்ளிப் வாட்ஸ்அப்பில் சுற்றிக்கொண்டிருக்கும், போன் ஓயாது. அடுத்த சீசனுக்கு ஆடிஷன் அறிவிப்பு வந்ததும் அந்தப் போன்கள் வேறு யாருக்கோ போக ஆரம்பிக்கும். அதற்குள் ஒரு பக்கம் காலை ஊன்ற வேண்டும். சினிமாவில் பின்னணி பாடுவது, மேடைக் கச்சேரி, சொந்தமாகப் பாட்டு போடுவது என்று மூன்று வழி. மூன்றிலும் காலை நனைத்துவிட்டு இப்போது மூன்றாவதில் நிற்கிறேன். நடுநிலையாக எழுதுவேன் என்று எதிர்பார்க்காதீர்கள்.

டிவியிலேயே தங்கிவிடுவது நாலாவது வழி. 2019 சூப்பர் சிங்கரில் சிவாங்கி டைட்டில் ஜெயிக்கவில்லை. ஆனால் குக் வித் கோமாளிக்குப் பிறகு அந்த சீசனில் அவர் அளவுக்குத் தெரிந்த முகம் யார்? அதற்குப் பாட்டைத் தாண்டி ஒரு சாமர்த்தியம் வேண்டும். எனக்கு அது கிடையாது, அதனால் அந்தப் பேச்சு இத்தோடு போதும்.

மேடையைப் பற்றி நீட்டி எழுத ஒன்றும் இல்லை. உடனே காசு கிடைக்கும் இடம் அதுதான். கல்யாண ரிசப்ஷன், கோவில் திருவிழா, கல்லூரி விழா, வெளிநாட்டுத் தமிழ்ச் சங்கங்களின் பொங்கல் நிகழ்ச்சி. அட்வான்ஸ் வந்துவிட்டால் பாதிக் கவலை தீர்ந்தது. தொண்டையைப் பார்த்துக்கொள்ள வேண்டும், அலைச்சலைத் தாங்க வேண்டும், பந்தி ஓடிக்கொண்டிருக்கும்போது பாடப் பழக வேண்டும். ஒரு சிக்கல் மட்டும் இருக்கிறது. மேடையில் நாம் பாடுவது எல்லாமே அடுத்தவர் பாட்டு. 2017-இல் அமெரிக்காவில் கச்சேரிப் பயணத்தில் இருந்த எஸ்.பி.பி.க்கே, இளையராஜா இசையமைத்த பாட்டுகளை அனுமதி இல்லாமல் பாடக் கூடாது என்று அவர் தரப்பிலிருந்து வக்கீல் நோட்டீஸ் போனது. மீதி நிகழ்ச்சிகளில் அந்தப் பாட்டுகளைத் தவிர்க்கப்போவதாக எஸ்.பி.பி. அறிவித்தார். உரிமம் வாங்குவது விழா நடத்துகிறவர் பொறுப்பு என்பது ஒரு வாதம். யார் பக்கம் நியாயம் என்ற பஞ்சாயத்துக்குள் நான் போகவில்லை. அத்தனை ஆயிரம் பாட்டு பாடியவருக்கே 'இது என் பாட்டு' என்று சட்டப்படி சொல்ல முடியாத நிலை இருக்கிறது என்பதை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள்.

பின்னணிதான் எல்லோருடைய கனவும். வீட்டில் கேட்பதும் அதைத்தான்: "படத்துல எப்பப்பா பாடப் போற?" நடைமுறையில் முதலில் வருவது ட்ராக், அதாவது இசையமைப்பாளர் கேட்டுப் பார்க்க மாதிரிக்குப் பாடும் அழைப்பு. ஸ்டுடியோவுக்குப் போனால் உதவியாளர் ஒருவர் மொபைலில் டியூனைப் போட்டுக் காட்டுவார். வரி இன்னும் முழுதாக வந்திருக்காது, தத்தகாரத்திலேயே சரணம் பாட வேண்டியிருக்கும். "நல்லா இருக்கு தம்பி, சார் கேட்டுட்டுச் சொல்வார்" என்று அனுப்பிவைப்பார்கள். நான் பாடிக் கொடுத்த ஒரு ட்ராக் அப்புறம் வேறு குரலில் வெளியானது. பல்லவியில் ஒரு இடத்தில் நான் தெரியாமல் போட்ட சின்ன பிருகாவை அந்தப் பாடகர் அப்படியே எடுத்துப் பாடியிருந்தார். இதை யாரும் ஏமாற்று என்று சொல்ல மாட்டார்கள். தொழில் நடக்கும் விதமே அப்படித்தான். இசையமைப்பாளர் நாலு குரலில் எடுத்துக் கேட்பார், படத்துக்குப் பொருந்துவதை வைத்துக்கொள்வார். ட்ராக் பாடிப் பாடியே பெரிய பாடகர் ஆனவர்களும் இருக்கிறார்கள்.

காத்திருக்கத் தெம்பு உள்ளவர்களுக்கு இந்திப் பாடகர் அரிஜித் சிங் நல்ல உதாரணம். 2005-இல் ஃபேம் குருகுல் நிகழ்ச்சியில் பாடினார், ஜெயிக்கவில்லை. ஒப்பந்தம் போட்ட ஆல்பமும் வெளிவரவில்லை. பெரிய அலை 2013-இல்தான் வந்தது. நடுவில் எட்டு வருடம். அந்த எட்டு வருடத்தில் அவர் சும்மா இருக்கவில்லை. இசையமைப்பாளர்களிடம் புரோகிராமிங் வேலை செய்தார், பாட்டு உருவாகும் இடத்திலேயே இருந்தார். போன் வருமா என்று பார்த்துக்கொண்டு வீட்டில் உட்கார்ந்திருப்பது வேறு, இது வேறு. பின்னணிதான் வேண்டும் என்கிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: கணினியில் பாட்டு பதிவு செய்ய உதவும் ஏதாவது ஒரு டிஏடபிள்யூ மென்பொருளைக் கற்றுக்கொண்டு ஸ்டுடியோவுக்குள் ஒரு நாற்காலியைப் பிடியுங்கள்.

இனி நான் சொந்தப் பாட்டுப் பக்கம் வந்ததற்கான காரணம். புகழோ சுதந்திரமோ இல்லை, உரிமைதான் காரணம். நாம் பாடிய ஒரு பாட்டு ஐந்து வருடம் கழித்து எங்கேயாவது ஒலித்தால் யார் கணக்கில் பைசா விழும்? போட்டியில் நம்மைச் சுற்றி இருக்கும் யாரும் இதைப் பேச மாட்டார்கள். பிட்ச் நிற்கவில்லை, சங்கதி சுத்தமில்லை என்பதோடு சரி.

சட்டத்தைக் கொஞ்சம் பார்த்தால் படம் தெளிவாகும். ஒரு பாட்டு ஒலிக்கும்போது காசு வர மூன்று வாசல் இருக்கிறது. இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் ஐபிஆர்எஸ் என்ற ராயல்டி வசூல் அமைப்பு வழியாக வருவது ஒன்று. பதிவின் உரிமையாளருக்கு, அதாவது மாஸ்டர் யார் கையில் இருக்கிறதோ அவருக்கு, வருவது இன்னொன்று. பாடியவருக்கு வருவது மூன்றாவது. 2012-இல் காப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியபோது, சினிமாவுக்காகப் பாட ஒப்புக்கொண்டாலும் வணிகப் பயன்பாட்டுக்குப் பாடகருக்கு ராயல்டி உண்டு என்று எழுதினார்கள். அடுத்த வருடமே அதை வசூலிக்க இஸ்ரா என்ற பாடகர் அமைப்பு பதிவானது. இசை நிறுவனங்களோடு உடன்பாடு ஏற்பட 2023 வரை ஆனது. உரிமை தாளில் வந்து, நிறுவனங்கள் ஒப்புக்கொள்ளவே பத்து வருடத்துக்கு மேல். அதுவும் சினிமாவில் ஒரு பாட்டு பாடிய புதுக் குரலுக்கு எவ்வளவு வரும்? பாடிய அன்று கொடுக்கும் பேமெண்ட்தான் மொத்த வருமானம் என்று கணக்குப் போட்டால் ஏமாற்றம் இருக்காது.

சொந்தப் பாட்டில் மெட்டு என்னுடையது, வரி என்னுடையது, பாடியது நான், பதிவுக்குக் காசு போட்டதும் நான். மூன்று வாசலும் என் பக்கம் திறக்கிறது. மெட்டுக்கும் வரிக்குமான உரிமை அதை எழுதியவர் இறந்து 60 வருடம் வரை நீடிக்கும். பாடகருக்கான உரிமை பாடியதிலிருந்து 50 வருடம்தான். வித்தியாசம் இந்தக் கணக்கிலேயே தெரிகிறது. கனடாப் பாடகி கார்லி ரே ஜெப்சன் 2007-இல் கனடியன் ஐடல் போட்டியில் மூன்றாம் இடம். ஐந்து வருடம் கழித்து அமெரிக்கத் தரவரிசையில் முதலிடம் பிடித்த பாட்டில், எழுதியவர்கள் பட்டியலிலும் அவர் பெயர் இருந்தது. போட்டியில் எந்த இடம் என்பதைவிட அந்தப் பட்டியலில் இடம் இருக்கிறதா என்பதைத்தான் நான் பார்ப்பேன்.

கவர் பாட்டு போடுகிறவர்கள் இங்கே கோபித்துக்கொள்ளலாம். பழைய பாட்டை கிட்டாரோடு பாடி யூடியூபில் ஏற்றினால் பார்வை நன்றாகவே வரும். ஆனால் ஏற்றிய சில நிமிடத்தில் யூடியூபின் கன்டென்ட் ஐடி என்ற தானியங்கி அதைக் கண்டுபிடித்து, விளம்பரக் காசை லேபிள், அதாவது இசை நிறுவனம் பக்கம் திருப்பிவிடும். சேனல் வளர உதவும், அவ்வளவுதான்.

காசு எவ்வளவு என்று கேட்பீர்கள். நம் பாட்டை இசைத் தளங்களில் ஏற்றித் தரும் டிஸ்ட்ரிபியூட்டர் அனுப்பும் ஸ்டேட்மென்ட் ஒரு நீளமான எக்செல் தாள். வரிக்கு வரி ஒரு நாடு, ஒரு தளம். மலேசியா, இலங்கை, கனடா, பிரான்ஸ். நான் போகாத ஊரில் யாரோ மூன்று தடவை கேட்டிருப்பார், பக்கத்தில் தொகை 0.00 என்று ஆரம்பிக்கும். கீழே வரும் கூட்டுத்தொகையில் வீட்டு வாடகை கட்ட முடியாது. என் பாட்டுகளின் மிக்ஸிங், மாஸ்டரிங் செலவு எல்லாம் ரிசப்ஷன் கச்சேரிக் காசில் நடந்தது. மேடையை விட்டுவிட்டு முழுதாக இதில் இறங்குங்கள் என்று நான் யாரிடமும் சொன்னதில்லை. ஆனால் மூன்று வருடத்துக்கு முன் போட்ட பாட்டுக்கு இந்த மாத ஸ்டேட்மென்ட்டிலும் ஒரு வரி இருக்கிறது. அன்றைக்குப் பாடிய கச்சேரிக்கோ ட்ராக்குக்கோ அப்படி எதுவும் வராது.

பாட்டு ஹிட் ஆனால் எல்லாம் சரியாகிவிடும் என்றும் நினைக்க வேண்டாம். 2021-இல் வந்த 'எஞ்சாயி எஞ்சாமி' தமிழ் சுயாதீன இசைக்கே வாசல் திறந்தது என்று கொண்டாடினோம். அதிலிருந்து தங்களுக்கு வருமானமே வரவில்லை என்று 2024-இல் அதைத் தயாரித்த இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் பகிரங்கமாகச் சொன்னார். பாட்டை வெளியிட்ட நிறுவனம் அதை மறுத்தது. உள்ளே என்ன நடந்தது என்பது அவர்களுக்குத்தான் தெரியும். எனக்குப் பட்டது ஒன்றுதான்: யாருக்கு எத்தனை பங்கு என்பதைப் பாட்டு வெளியாவதற்கு முன்பே எழுதிக் கையெழுத்து வாங்கிவிட வேண்டும். பீட் போட்டுக் கொடுத்த நண்பனிடம் பேப்பர் நீட்டக் கூச்சமாகத்தான் இருக்கும். நானும் நெளிந்தேன். "என்னடா, என்னை நம்பலையா?" என்று கேட்டுவிட்டு அவன் கையெழுத்துப் போட்டான்.

போட்டியின் ஒப்பந்தத்தையும் ஒரு தடவை நிதானமாகப் படியுங்கள். எத்தனை மாதம் வேறு சேனலில் தோன்றக் கூடாது, அந்தக் காலத்தில் சொந்தப் பாட்டு வெளியிட யாரிடம் அனுமதி கேட்க வேண்டும் என்று அதில் இருக்கலாம். ஜனங்கள் நம்மை மறக்காமல் இருக்கும் மாதங்களும் அவைதான்.

லேபிளிடம் பாட்டை விற்பது பற்றி என் அனுபவம் குறைவு. முன்பணம், விளம்பரம், பிளேலிஸ்ட்டில் இடம் என்று அவர்களால் செய்ய முடிந்ததில் பாதி என்னால் முடியாது. நல்ல தொகை கொடுத்தால் கொடுத்துவிடுவதே புத்திசாலித்தனம் என்று சொல்லும் நண்பர்கள் இருக்கிறார்கள், அவர்கள் சொல்வது தப்பு என்று அடித்துச் சொல்லும் அளவுக்கு எனக்குத் தெரியாது. என்னிடம் வந்த ஒரே ஒப்பந்தத்தில், உலகம் முழுக்க, எல்லாக் காலத்துக்கும் என்று போட்டிருந்தது. நம் சட்டத்தில், உரிமையை எழுதிக் கொடுக்கும்போது காலம் குறிப்பிடவில்லை என்றால் ஐந்து வருடம், இடம் குறிப்பிடவில்லை என்றால் இந்தியா மட்டும் என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். அதையே காட்டி, ஐந்து வருடம் என்று திருத்தித் தரச் சொல்லி மெயில் போட்டேன். பதில் இன்னும் வரவில்லை.