சுட்ட மிளகாயா, பொரித்த மிளகாயா?

தாய்லாந்தின் மிளகாய் விழுதான ‘நாம் பிரிக் பாவ்’ எப்படிச் செய்ய வேண்டும் என்பதை அதன் பெயரே சொல்லிவிடுகிறது. பிரிக் என்றால் மிளகாய், பாவ் என்றால் சுடுவது. காய்ந்த மிளகாய், சின்ன வெங்காயம், பூண்டு மூன்றையும் தணலில் சுட்டு, உரலில் இடித்து, எண்ணெயில் வதக்கி, புளியும் பனைவெல்லமும் மீன் சாஸும் சேர்த்துக் கிளறுவது பழைய முறை. சுடாமல் எல்லாவற்றையும் எண்ணெயில் பொரித்து அரைப்பது இன்னொரு முறை. தாய்லாந்திலேயே பலர் இப்போது அப்படித்தான் செய்கிறார்கள். பெயருக்குப் பொருந்தாவிட்டாலும், பாட்டிலில் போட்டு வைத்துப் புழங்குவதற்கு என்றால் என் ஓட்டு பொரித்ததற்கே.

ருசி வித்தியாசம் ஊகிக்கக் கூடியதுதான். சுட்டதில் புகை வாசம் தூக்கல். பொரித்ததில் முறுகிய வெங்காயத்தின் இனிப்பும், டாம் யம் சூப்பின் மேல் மிதக்கிற அந்தச் சிவப்பு எண்ணெயும் தாராளமாகக் கிடைக்கும். சாமான்கள் இரண்டுக்கும் ஒன்றே: விதை நீக்கிய காய்ந்த மிளகாய் 40 கிராம், சின்ன வெங்காயம் 150, பூண்டு 100, காய்ந்த இறால் 30, பனைவெல்லம் 100 கிராம், கெட்டிப் புளிக்கரைசல் 60 மில்லி, மீன் சாஸ் 2 மேசைக்கரண்டி, ‘கப்பி’ எனும் இறால் விழுது 1 மேசைக்கரண்டி, எண்ணெய் 250 மில்லி. அங்கே போடுவது காரம் குறைந்த நீள மிளகாய். அது கிடைக்காவிட்டால் பியாடகியோ காஷ்மீரியோ சரிப்படும். குண்டு மிளகாயை இந்த அளவில் போட்டால் வாயில் வைக்க முடியாது. வெல்லத்தில் பெட்சபுரி பக்கத்துப் பனைவெல்லத்துக்குப் பெயர் அதிகம். நம் கருப்பட்டியும் பனைதான் என்றாலும் நிறமும் வாசமும் அடர்த்தி, அதனால் பாதிக்கு மேல் வேண்டாம்.

இரண்டில் எது என்று தீர்மானிப்பது ஈரம். சின்ன வெங்காயத்தில் முக்கால் பங்குக்கு மேல் தண்ணீர். தோலோடு சுடும்போது தோல் மூடியாக நின்றுகொள்ள, வெளியே கருகி உள்ளே அவிந்து கூழாகிறது. பூண்டும் அப்படியே. அந்தத் தண்ணீர் முழுவதும் விழுதுக்குள் வந்துவிடும். அதை வற்ற வைக்கச் சிறு தீயில் இருபது நிமிடமாவது கிளற வேண்டும். சலசலப்பு அடங்கி, எண்ணெய் ஓரத்தில் பிரிந்து நிற்பதுதான் அடையாளம். அதற்கு முன்பே வெல்லத்தைப் போட்டால் அடிப்பிடிக்கும். அடிப்பிடிக்கிறதே என்று இறக்கினால் ஈரம் உள்ளேயே தங்கிவிடும். பலருக்கும் தவறுவது இங்கேதான்.

ஈரம் தங்கினால் பூஞ்சை மட்டுமல்ல பிரச்சினை. எண்ணெய்க்குள் காற்றுப் புகாது. ஈரமான பூண்டு அதில் மூழ்கிக் கிடந்தால் உயிருக்கே ஆபத்தான நஞ்சை உண்டாக்கும் பாட்டுலினம் கிருமி வளர இடமுண்டு, மணத்திலோ ருசியிலோ அது தெரியாது. புளி ஓரளவு தடுக்கும், ஆனால் வீட்டுப் புளியின் புளிப்பு ஆளுக்கு ஆள் வேறு, நம்பிவிட முடியாது. ஆகவே எந்த முறையானாலும் ஃப்ரிட்ஜில்தான் வைக்க வேண்டும். சுட்டதை ஒரு வாரத்தில் தீர்த்துவிடுவேன், பொரித்ததை ஒரு மாதம் வரை வைப்பேன். அதற்கு மேல் என்றால் இரண்டையும் சின்னச் சின்னப் பங்காக ஃப்ரீசரில் வைப்பதே நல்லது.

பொரிக்கும்போது ஈரம் முதல் கட்டத்திலேயே போய்விடுகிறது. பூண்டையும் வெங்காயத்தையும் ஒரே கனத்தில் சீவுங்கள். கனம் மாறினால் மெல்லியது கருகும்போது தடித்தது வதங்கித்தான் இருக்கும். பூண்டை ஆறின எண்ணெயில் போட்டு, பிறகு அடுப்பைப் பற்றவைத்து, மிதமான தீயில் வைக்கோல் நிறம் வந்ததும் அரித்து எடுக்க வேண்டும். எடுத்த பிறகும் நிறம் ஏறும், அதனால் பொன்னிறம் வரும்வரை காத்திருக்கக் கூடாது. அடுத்து வெங்காயம், பத்துப் பன்னிரண்டு நிமிடம். பிறகு துடைத்து உலர்த்திய இறால், ஒரு நிமிடம். கடைசியில் அடுப்பை அணைத்துவிட்டு மிளகாய், 15–20 விநாடி. கறுத்தால் கசப்பு, வெல்லம் எவ்வளவு போட்டாலும் மறையாது. கொட்டிவிட்டு வேறு மிளகாய் போடுங்கள்.

மிக்ஸியில் முதலில் மிளகாயும் இறாலும், பிறகு விட்டு விட்டு மற்றவை. கொரகொரப்பு இருக்கட்டும், நைசாக அரைத்தால் ஜாம் போலாகிவிடும். பொரித்த எண்ணெயில் 150 மில்லியை எடுத்து, விழுதையும் வாழையிலையில் பொதிந்து வாட்டிய கப்பியையும் இரண்டு நிமிடம் வதக்கி, புளியும் மீன் சாஸும் ஊற்றி ஐந்து நிமிடம் வற்ற விட்டு, கடைசியாக வெல்லம். வேண்டிய பதத்துக்குக் கொஞ்சம் முன்பே, தளர்வாக இருக்கும்போதே இறக்க வேண்டும், ஆறினால் இறுகும்.

சுட்டதற்கு இருக்கும் ஒரே பலம் புகை வாசம். கரி அடுப்பு இருந்து, அன்றைக்கே செலவழிக்கப் போகிறீர்கள் என்றால் அதையே செய்யுங்கள். தணலின் சூடு ஒரே மாதிரி இருக்காது, அதற்கு நிமிடக் கணக்கு சொல்வதற்கில்லை. ஆனால் கேஸ் அடுப்பில் வெறும் கடாயில் சுட்டால் தோல் கருகுமே தவிரப் புகை ஏறாது. ஈரத்தின் தொல்லை மட்டும் மிச்சம்.

நடுவழி ஒன்று உண்டு. மிளகாயை மட்டும் சிறு தீயில் வெறும் கடாயில் மூன்று நான்கு நிமிடம், ஒடித்தால் நொறுங்கும்வரை வறுத்துக்கொண்டு, மற்றவற்றைப் பொரிப்பது. காய்ந்த மிளகாயில் ஈரம் மிகக் குறைவு என்பதால் வைத்திருக்கும் நாள் குறையாது. சிவப்பு எண்ணெய் கொஞ்சம் குறையும், அவ்வளவே. ஃப்ரிட்ஜில் விழுது இறுகிப்போனால் தண்ணீர் தெளித்து இளக்க வேண்டாம். எடுத்த பங்கை மட்டும் ஒரு கரண்டி எண்ணெயோடு சூடு காட்டினால் போதும்.