பயிர் இன்சூரன்ஸ் கட்டுவதா, நிவாரணத்தை நம்பி இருப்பதா?

2020 காரீப் (ஜூன் வாக்கில் தொடங்கும்) பருவத்திலிருந்து, பயிர்க்கடன் வாங்கியவர்களும் விருப்பப்பட்டால் மட்டும் பயிர் இன்சூரன்ஸ் கட்டினால் போதும், கட்டாயமில்லை என்று ஆனதும் நான் முதல் வேலையாக அதை நிறுத்தினேன். வெள்ளம் வந்தால் அரசாங்கம் எப்படியும் நிவாரணம் தரும், கையிலிருந்து எதற்குத் தண்டமாகக் கட்ட வேண்டும் என்ற நினைப்பு. இரண்டு சம்பா அப்படியே போனது. இரண்டாவது சம்பாவில் ஊரே மூழ்கி, கட்டியவர்களுக்கு வந்த பணத்தைப் பார்த்த பிறகு திரும்பக் கட்ட ஆரம்பித்துவிட்டேன்.

யூரியா மூட்டை 266 ரூபாய் 50 காசுக்குக் கிடைப்பது, மோட்டாருக்கு இலவச மின்சாரம், வருஷம் 6,000 ரூபாய் மத்திய அரசின் கிசான் பணம், எல்லாம் சரி, யாரும் வேண்டாமென்று சொல்லப்போவதில்லை. ஆனால் கதிர் தண்ணீரில் கிடக்கிற அன்றைக்கு அதெல்லாம் உதவாது. அன்றைக்கு நிவாரணமும் இன்சூரன்ஸும்தான். இரண்டையும் வாங்கலாம், ஒன்று வந்தால் மற்றது இல்லை என்று கிடையாது. அதனால் கேள்வி அந்தப் பிரீமியத்தைக் கட்டுவதா வேண்டாமா என்பது மட்டும்தான்.

நிவாரணத்துக்கு நாம் ஒரு பைசா கட்டுவதில்லை. 33 சதவீதத்துக்கு மேல் சேதம் என்று கணக்கெடுப்பில் எழுதிவிட்டால் போதும். 2024 ஃபெஞ்சல் புயலுக்கு நெல்லுக்கு ஹெக்டேருக்கு 17,000 ரூபாய் என்றார்கள். ஏக்கருக்குப் போட்டால் 6,900 கூட வராது. பாதிப் பயிர் போனாலும் அதுதான், முழுக்க அழுகிப் போனாலும் அதுதான்.

இன்சூரன்ஸில் சம்பா நெல்லுக்கு நம் பங்கு காப்பீட்டுத் தொகையில் 1.5 சதவீதம், எங்கள் பக்கம் ஏக்கருக்கு 500 ரூபாய் சொச்சம். மீதிப் பிரீமியத்தை மத்திய அரசும் மாநில அரசும் கட்டுகின்றன, ஆக அதுவும் மானியம்தான்.

இனி, பலருக்குத் தெரியாமல் டீக்கடையில் திட்டிக்கொண்டிருக்கிற விஷயம். மகசூல் இழப்புக்கு உங்கள் வயலை யாரும் பார்ப்பதில்லை, வருவாய் கிராமத்தின் சராசரியைத்தான் பார்க்கிறார்கள். கிராமத்தில் சில வயல்களைத் தேர்ந்தெடுத்து, ஐந்துக்கு ஐந்து மீட்டர் கயிறு கட்டி, அதற்குள் இருக்கிற நெல்லை மட்டும் அறுத்து, தார்ப்பாயில் அடித்துத் தூற்றி எடை போடுவார்கள். ஒரு முறை கூடவே நின்று பார்த்தேன். 12 கிலோ தேறினால் ஏக்கருக்கு ஏறக்குறைய 2,000 கிலோ என்று அர்த்தம். கடந்த 7 வருஷத்தில் நல்ல 5 வருஷத்தின் சராசரியை வைத்து ஒரு உத்தரவாத மகசூல் போட்டிருப்பார்கள். அது 2,000 கிலோ, இந்த வருஷம் கிராமத்துக்கு வந்தது 1,200 என்று வைத்துக்கொள்ளுங்கள். குறைவு 40 சதவீதம். ஏக்கருக்குக் காப்பீட்டுத் தொகை 36,000 என்றால், அதில் 40 சதவீதம், கைக்கு 14,400. நிவாரணத்தைப் போல இரண்டு மடங்குக்கு மேல்.

இதன் மறுபக்கத்தையும் அனுபவித்திருக்கிறேன். திரும்பக் கட்ட ஆரம்பித்த பிறகு ஒரு வருஷம் வடிகால் ஓரத்தில் இருக்கும் என் பள்ள வயல் மட்டும் பால் பிடிக்கிற நேரத்தில் மூழ்கியது, மேட்டு வயல்காரர்கள் நன்றாகவே அறுத்தார்கள். கிராம சராசரி குறையவில்லை, இன்சூரன்ஸ் பூஜ்யம். நிவாரணம்தான் வந்தது. அப்படி உங்கள் வயல் ஒன்றே ஊரில் பள்ளமாக இருந்தால் இந்தக் கிராம சராசரிக் கணக்கில் நிவாரணம்தான் நிச்சயம், அதை மறைப்பதில் பிரயோஜனம் இல்லை. இருந்தும் கட்டுகிறேன். ஊர் மொத்தமும் போகிற வருஷத்தில் கைமாற்றுக்குக்கூட பக்கத்து வீட்டில் இருக்காது.

பணம் சீக்கிரம் வரும் என்று மட்டும் எதிர்பார்க்காதீர்கள். எனக்கு வந்த ஒரு முறையும் அடுத்த பருவத்துக்கு நாற்றங்கால் விட்ட பிறகுதான் வந்தது. அப்புறம், குத்தகைக்கு உழுகிறவர்களும் கட்டலாம் என்று விதி இருக்கிறது, அடங்கலில் (கிராமத்தின் சாகுபடிக் கணக்கில்) பெயர் ஏற நில உடமைக்காரர் சம்மதிக்க வேண்டுமே, அங்கேதான் சிக்குகிறது. வாழை, மரவள்ளிக்கு நம் பங்கு 5 சதவீதம். நான் நெல் தவிர வேறு போட்டதில்லை, அங்கே என் கணக்கு எடுபடாமல் போகலாம்.

கட்டுவதாக முடிவு செய்தால் ஒன்று செய்யுங்கள். கம்ப்யூட்டரில் பதிகிறவர் கூட்ட நெரிசலில் பக்கத்து வருவாய் கிராமத்தைத் தட்டிவிட்டால் உங்கள் நஷ்டம் அந்த ஊர் மகசூலோடு போய்ச் சேர்ந்துவிடும். என் தம்பிக்கு அப்படித்தான் ஆனது. ரசீதை வாங்கியதும் கிராமத்தின் பெயர், சர்வே எண் இரண்டையும் படித்துப் பார்த்துவிட்டு அங்கிருந்து கிளம்புங்கள்.