மூன்று வட்டுகளில் நைஜல் நீல்: ‘குவாட்டர்மாஸ் தொகுப்பு’

1950களில் பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்காக நைஜல் நீல் எழுதி, ருடால்ஃப் கார்ட்டியர் இயக்கிய மூன்று அறிவியல் புனைவுத் தொடர்களை, பிபிசி 2005இல் ‘குவாட்டர்மாஸ் தொகுப்பு’ என்ற பெயரில் மூன்று டிவிடி வட்டுகளாக வெளியிட்டது. டிவிடி விற்பனைக்காக உலகைப் பிரித்த மண்டலங்களில் இவை இரண்டாம் மண்டலத்துக்கான வட்டுகள். சிங்கப்பூரோ மூன்றாம் மண்டலத்தைச் சேர்ந்தது. ஆகவே எல்லா மண்டல வட்டுகளையும் ஏற்கும் கருவி வீட்டில் இருந்தால் மட்டுமே வாங்குவது நல்லது.

நீல் முறையாக நடிப்புப் பயின்று, ஸ்ட்ராட்ஃபோர்டு மேடையில் சிறு வேடங்கள் ஏற்ற பின்னரே 1951இல் பிபிசியில் எழுத்தாளராகச் சேர்ந்தார். அந்தப் பழக்கம் வசனத்தில் தெரிகிறது. மூன்று தொடர்களுக்கும் நாயகனான இவருடைய விஞ்ஞானி குவாட்டர்மாஸ் விரிவுரை ஆற்றுவது அரிது. எதிரில் நிற்பவரின் அச்சத்துக்கோ பிடிவாதத்துக்கோ அவர் மறுமொழி சொல்லும் போக்கிலேயே கதைக்கு வேண்டிய செய்தி நமக்கு வந்து சேர்ந்துவிடுகிறது.

1953இல் அலெக்சாண்ட்ரா அரண்மனையிலிருந்து நேரலையாக ஒளிபரப்பான முதல் தொடரின் ஆறு பகுதிகளில் இரண்டே எஞ்சியுள்ளன. மற்றவை தொலைந்துவிடவில்லை, பதிவின் தரம் திருப்தி தராததால் அவை பதிவே செய்யப்படவில்லை. இரண்டாம் பகுதியில், நேரலையைப் பதிவுசெய்யத் திரையைப் படமெடுத்த வேளையில் அதன்மீது வந்தமர்ந்த ஒரு பூச்சியும் கதாபாத்திரம்போல் நெடுநேரம் உலவுகிறது. இறுதிப் பகுதியில் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தைப் பற்றிக்கொள்ளும் அசுர உயிரினம், நீலும் பின்னர் அவர் மனைவியான ஜூடித் கெர்ரும் அலங்கரித்த கையுறைகள்தாம். தேவாலயத்தின் பெரிய நிழற்படத்தில் துளையிட்டு, அவற்றுக்குள் நீலே கைவிட்டு ஆட்டினார். எழுத்தாளரே நடித்த அந்தக் காட்சியை இனி யாரும் காண இயலாது. விடுபட்ட நான்கு பகுதிகளின் கதைவசனப் படிகளை வட்டிலிருந்து கணினியில் படிக்கலாம் என்பது ஓரளவு ஆறுதல்.

1955இன் இரண்டாம் தொடர் முழுமையாகக் கிடைத்தாலும், முதல் தொடரில் குவாட்டர்மாஸாக நடித்த ரெஜினால்ட் டேட் திடீரென இறந்ததால் அவசரமாக அழைக்கப்பட்ட ஜான் ராபின்சன் விறைப்பாகவே பேசுகிறார்.

பணத்துக்கு ஈடு மூன்றாம் வட்டுதான். 1958 டிசம்பரில் தொடங்கிய அத்தொடரில், லண்டன் கட்டுமானத் தளமொன்றில் தோண்டியெடுக்கப்படும் பொருளைப் போர்க்கால வெடிகுண்டென்றே அதிகாரிகள் சாதிக்கிறார்கள். 2023இல் சிங்கப்பூரின் அப்பர் புக்கித் தீமாவில் 100 கிலோ எடையுள்ள பழைய குண்டு கிடைத்தபோது குடியிருப்பாளர்கள் வெளியேற்றப்பட்டதை நினைவில் வைத்திருக்கும் நமக்கு, அந்தப் பிடிவாதம் அவ்வளவு மடத்தனமாகத் தோன்றாது. இத்தொடரில் குவாட்டர்மாஸாக வரும் ஆந்த்ரே மொரெலின் நிதானமான நடிப்பும், பிபிசி ஒலிப்பட்டறையின் விநோத ஒலிகளும் அச்சத்தைச் சிறிது சிறிதாக ஏற்றுகின்றன. தம்மைப் போலில்லாதவரை அழிக்கத் துடிக்கும் வெறி மனிதருக்குள் எங்கிருந்து வந்தது என்று கதை கேட்கத் தொடங்கும்போது, லண்டன் நாட்டிங் ஹில் இனக் கலவரம் நடந்து சில மாதங்களே ஆகியிருந்தன. சிங்கப்பூரில் 1964இன் இனக் கலவரத்தைச் சிறுவனாகக் கண்ட என் தந்தையார், கடைசிப் பகுதியை ஒரு வார்த்தையும் பேசாமல் பார்த்து முடித்தார்.