சக்கரப் பெட்டி: வேலை செய்கிறது, யார் நம்பப் போகிறார்கள்?

சக்கரப் பெட்டியின் விலை 2,400 வெள்ளிக்கு இறங்கிவிட்டதாம், இப்போது வாங்கலாமா என்று ஈப்போ நண்பர் கேட்டிருக்கிறார். என்னுடைய பெட்டி பழுது பார்த்துத் திரும்பி வந்த அதே வாரத்தில் கேட்டார். அதனால் கொஞ்சம் சூடாகத்தான் எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

செப்புத் தகட்டைச் செருகி, பொத்தானை அழுத்தினால், அதில் பொறித்த சக்கரத்துக்கு (யந்திரத்துக்கு) ஏற்றபடி அக்கம்பக்கத்து உலகம் கொஞ்சம் மாறும். இதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். மாற்றும் வேலையில் குறை சொல்ல எதுவுமில்லை. பினாங்குத் தீவின் ஆயர் ஈத்தாமில் எங்கள் அடுக்குமாடி வீட்டில் அடுப்படிச் சுவரை இரண்டு அடி தள்ளி வைத்தேன். தூசி இல்லை, கூலி இல்லை, கீழ்வீட்டுக்காரர் சண்டைக்கு வரவில்லை. மின்கம்பிகூடச் சரியான இடத்துக்குப் போயிருந்தது.

பெருமையோடு மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினேன். "எப்பவும் இப்படித்தானே இருந்துச்சு? இன்னும் ரெண்டடி இருந்தா நல்லா இருக்கும்ங்க" என்றார்.

இதுதான் என் வயிற்றெரிச்சல். உலகம் மாறும்போது எல்லோருடைய நினைவும் கூடவே மாறிவிடுகிறது. பழைய புகைப்படம், வீட்டு வரைபடம், வாட்ஸாப்பில் நானே அனுப்பிய செய்தி எல்லாமே புதுசுக்கு ஏற்றபடி திருந்திவிடும். பொத்தானை அழுத்தியவருக்கு மட்டும்தான் பழையது ஞாபகம் இருக்கும். கையேட்டில் இதைச் சிறப்பம்சம் என்று போட்டிருக்கிறார்கள். யாருக்குச் சிறப்பு? நன்றி சொல்ல ஆளில்லாத உபகாரத்தை எத்தனை நாள் செய்வது?

நாசி கண்டார் (சோறும் கறியும்) கடை விவகாரத்தைக் கேளுங்கள். நான் வழக்கமாகப் போகும் கடையில் வரிசை தெருமுனை வரை நிற்கும். வரிசை குறையட்டும் என்று ஒரு தகடு போட்டேன். குறைந்தது. ஏனென்றால் அந்தக் கடையின் மீன் தலைக் கறியில் ருசியே இல்லை. கறியில் புளிப்பும் இல்லை, காரமும் இல்லை. பக்கத்து மேசைப் பெரியவரிடம் கேட்டால், "இங்க எப்பவுமே சுமார்தான் தம்பி, இடம் கிடைக்குதேன்னுதான் வர்றோம்" என்றார். அந்தக் கறியின் அசல் ருசி தெரிந்த ஒரே ஆள் நான்தான் என்ற நினைப்பே சாப்பிட விடவில்லை. மறுநாள் பழையபடி ஆக்கிவிட்டு, ஒரு மணி நேரம் வரிசையில் நின்றேன். முன்னால் நின்றவர் "எப்பவும் இந்தக் கூட்டம்தான்" என்று அலுத்துக்கொண்டபோது எனக்கு ஆனந்தம்.

இப்போது பழுது பார்த்த கதை. தகடு தொடும் ஊசிகளில் களிம்பு ஏறிவிட்டது. பினாங்கின் உப்புக் காற்றுக்குச் செம்பு பச்சை பிடிக்காமல் இருக்குமா? பழுது பார்க்கும் கடை கடலுக்கு அக்கரையில், பட்டர்வொர்த்தில். முன்பென்றால் காரோடு ஃபெரியில் ஏறிவிடலாம். இப்போதைய ஃபெரியில் கார் ஏற்ற முடியாது, அதனால் 13.5 கிலோமீட்டர் பாலத்தில் மாலை நெரிசலில் ஊர்ந்து போனேன். (ஃபெரியில் கார் ஏற்றியது இன்னும் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது. ஆகவே அது எந்தப் பெட்டியின் வேலையும் இல்லை.)

கடைப் பையன் ஊசிகளைத் துடைத்து, சோதனைத் தகட்டைச் செருகி, அவனே பொத்தானை அழுத்தினான். "சரியாயிருச்சுண்ணே, மேல பாருங்க. நாலு இறக்கை ஃபேன் மூணு இறக்கை ஆயிருச்சு."

பார்த்தேன். நான் உள்ளே நுழையும்போதே மூன்று இறக்கைதான்.

"இல்லண்ணே, நாலு இருந்துச்சு."

நான் அழுத்திப் பார்க்கிறேன் என்றால், சோதனைத் தகட்டை வாடிக்கையாளர் தொட்டால் வாரண்டி போய்விடுமாம். 180 வெள்ளி கட்டினேன். அவன் பொய் சொன்னான் என்று சொல்ல மாட்டேன். சொல்ல வழியே இல்லையே, அதுதான் கடுப்பு. வீட்டுக்கு வந்து நானே அழுத்தியபோது வேலை செய்தது என்பதையும் நியாயத்துக்காகச் சொல்லிவிடுகிறேன்.

தகடுகளைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை. எண் கட்டத் தகடுகளைப் பெட்டி ஓட்டுவதற்கு முன் கூட்டிப் பார்க்கிறது. குபேரக் கட்டத்தில் 20 முதல் 28 வரையுள்ள எண்கள். நெடுக்கு, குறுக்கு, மூலைவிட்டம் எப்படிக் கூட்டினாலும் 72 வர வேண்டும். என் தகட்டில் 27-இல் ஏழின் தலையைக் களிம்பு மூடி 21 போல ஆகிவிட்டது. அந்த வரிசை 66 ஆனதும் சிவப்பு விளக்கு போட்டு நின்றுவிட்டது. வடிவமைத்தவர் கையில் ஒரு கோப்பி வாங்கிக் கொடுக்கலாம். எழுத்துத் தகடுகளுக்கு இந்தக் காவல் கிடையாது, களிம்பு ஏறினால் ஏறியபடியே படிக்கும். புளி போட்டுத் தேய்த்தால் பளபளக்கும், ஆனால் மெல்லிய கோடுகள் தேய்ந்துவிடும். ஸ்ரீசக்கரத் தகட்டில் அப்படிச் செய்யவே செய்யாதீர்கள். ஒன்பது முக்கோணங்கள் பின்னி 43 சிறு முக்கோணங்கள் ஆகிற வடிவம் அது. ஒரு கோடு மயிரிழை மாறினாலும் சந்திப்புகள் சேராது.

குபேரத் தகடு பணம் தருமா என்றும் கேட்டிருந்தீர்கள். தந்தது. ஆனால் அந்தப் பணம் ரொம்ப நாளாகவே என்னிடம் இருந்ததாக உலகம் மாறிவிட்டதால், பாதியை என் தம்பி போன வருடமே கடன் வாங்கியிருந்தான். திருப்பித் தரவில்லை.

சரி, வாங்கலாமா? துல்லியம், வேகம், சத்தமின்மை எல்லாவற்றிலும் இதை மிஞ்சிய பெட்டி நான் பார்த்ததில்லை. வாங்காதீர்கள். 2,400 வெள்ளி கொடுத்து வீட்டில் பைத்தியக்காரப் பட்டம் வாங்குவானேன்? அப்படியும் வாங்குவதென்றால் கடைக்காரரை அழுத்த விடாதீர்கள், நீங்களே அழுத்திப் பார்த்துவிட்டுப் பணத்தைக் கொடுங்கள். என்னுடையதை விற்கிறேனா என்று கேட்க வேண்டாம், விற்க மாட்டேன். தீபாவளிக்கு விலை இன்னும் இறங்கினால் எனக்கும் ஒரு வார்த்தை சொல்லுங்கள், மகள் வீட்டு அடுப்படியும் சின்னதுதான்.