ஆவணப்படமா, சரித்திரப் படமா? கேமரா பிடிக்க ஆசைப்படும் குமரிப் பிள்ளைகளுக்கு

ஒளிப்பதிவாளர் ஆக வேண்டும் என்று சொல்லும் நம்ம மாவட்டத்துப் பிள்ளைகள் பலருக்கும் மனசுக்குள் ஓடுவது ராஜா ராணிக் கதைதான். பத்மநாபபுரம் அரண்மனையைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்த ஆசை வராமல் இருக்குமா? ஆனாலும் என்னைக் கேட்டால், முதலில் ஆவணப்படம் பக்கம் போகச் சொல்வேன்.

குளச்சலை எடுத்துக்கொள்வோம். 1741-ல் மார்த்தாண்ட வர்மாவின் படை டச்சுக்காரர்களைத் தோற்கடித்த இடம். சரித்திரப் படத்துக்காக அங்கே கேமரா வைப்பவருக்குக் கடலரிப்பைத் தடுக்கக் கல்லைக் கொட்டிக் கட்டிய தூண்டில் வளைவு, செல்போன் டவர், பைபர் வள்ளம் எல்லாமே இடைஞ்சல். எந்தக் கோணத்தில் அவை மறையும் என்று தேட வேண்டும். மறையாததை கிராபிக்ஸில் அழிக்க வேண்டும். ஆவணப்படக்காரருக்கோ அந்தத் தூண்டில் வளைவுதான் கதையே. கடல் ஏன் ஊருக்குள் வருகிறது, கல்லைக் கொட்டிய பிறகு பக்கத்து ஊர் மணல் எங்கே போனது என்று அதையே சுற்றிச் சுற்றி எடுப்பார்.

ஆவணப்படத்தில் ரீடேக் கிடையாது. கரையில் நின்று இழுக்கும் வலையான கரமடியை இழுக்கும்போது மடி கரையேறும் அந்த ஒரு நிமிடத்துக்கு, எங்கே நிற்பது, வெயில் எந்தப் பக்கம் விழுகிறது என்பதை முன்கூட்டியே கணித்து வைத்திருக்க வேண்டும். "மக்கா, வடத்துல காலு மாட்டிராத" என்று ஒரு பெரியவர் சத்தம் போடுவார். நகர்ந்துகொண்டே ஷாட்டையும் விடக்கூடாது. இதற்கு நடுவே உப்புக்காற்று லென்ஸில் படியும். அவசரத்தில் சட்டை நுனியால் துடைத்தால் கண்ணாடியில் கோடு விழும். முதலில் புளோயரால் ஊதி, அப்புறம்தான் லென்ஸ் திரவம், துணி. இந்தப் பொறுமையும் வேகமும் சேர்ந்து வருவதற்கு வேறு பள்ளிக்கூடம் கிடையாது.

சரித்திரப் படத்தின் சவால் வேறு மாதிரி. பத்மநாபபுரம் அரண்மனை தமிழ்நாட்டு மண்ணில் இருந்தாலும் பராமரிப்பது கேரளத் தொல்லியல் துறை; படப்பிடிப்பு அனுமதிக்கும் அந்தப் பக்கம்தான் போக வேண்டும். உள்ளே போனால் அந்தக் கறுப்புத் தரை. முகம் தெரியும் அளவுக்குப் பளபளப்பு. பார்க்க அழகு, ஒளிப்பதிவாளருக்குத் தலைவலி: லைட், ஸ்டாண்டு, கேமரா, பின்னால் நிற்கும் ஆள் எல்லாம் அதில் தெரியும். லைட்டுகளை ஜன்னலுக்கு வெளியே நிறுத்தி, மர அழிகளின் வழியாக வெளிச்சத்தை உள்ளே விடுவதுதான் ஒரே நல்ல வழி. மந்திரசாலையின் வண்ண மைக்கா ஜன்னல்களைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அந்தக் காலத்துத் தச்சர்களே பாதி லைட்டிங்கைச் செய்து வைத்துவிட்டார்கள்.

இருட்டை இருட்டாகக் காட்டுவது பெரிய வித்தை. 1975-ல் வந்த 'பாரி லிண்டன்' படத்தில் ஒளிப்பதிவாளர் ஜான் ஆல்காட் மெழுகுவர்த்தி வெளிச்சத்திலேயே காட்சிகளை எடுக்க, நாசாவுக்காக ஜெய்ஸ் நிறுவனம் தயாரித்த, மிகக் குறைந்த வெளிச்சத்திலும் படம் பிடிக்கும் எஃப் 0.7 லென்ஸைப் பயன்படுத்தினார். அதில் நடிகர் லேசாக முன்னே சாய்ந்தாலே போகஸ் போய்விடும். இப்படிப்பட்ட வேலைக்குப் பணமும் பெரிய குழுவும் வேண்டும். அங்கே போய்ச் சேருகிறவர் பல வருஷம் உதவியாளராகவே இருப்பார். மானிட்டரைப் பார்க்கலாம், முடிவெடுக்க முடியாது.

வருமானத்தில் சரித்திரப் படம்தான் மேல், சந்தேகமே இல்லை. ஆவணப்படத்தை மட்டும் நம்பி வீடு நடத்துவது கஷ்டம். இடையிடையே கல்யாண வீடியோவும் எடுக்க வேண்டியிருக்கும்.

ஆனால் கிறிஸ் மெங்கஸைப் பாருங்கள். பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்காகக் கலவர பூமிகளில் ஆவணப்படம் எடுத்தவர். அப்புறம் 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' (1984), 'தி மிஷன்' (1986) என்று இரண்டு சரித்திரக் கதைகளுக்கு ஆஸ்கர் வாங்கினார். செய்திப் படத்தில் பழகிய கண்தான் அங்கேயும் அவருக்குக் கைகொடுத்தது என்பது என் நம்பிக்கை. ஆவணப்படத்திலிருந்து சரித்திரப் படத்துக்குப் போவதற்கு இப்படி முன்மாதிரி இருக்கிறது. பெரிய செட்டுகளுக்குப் பழகியவர் கடற்கரையில் தனியாளாக நிற்பதுதான் சிரமம்.

படிக்க நினைப்பவர்களுக்குத் தரமணி எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரி இருக்கிறது, புனே திரைப்படக் கல்லூரியும் இருக்கிறது. அதுவரை சும்மா இருக்க வேண்டாம். திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்திர அகாதெமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவுக்கு நாகர்கோவிலிலிருந்து காலையில் ரயிலேறினால், நாலு படம் பார்த்துவிட்டு ராத்திரி வீடு திரும்பிவிடலாம்.