பிஷப் அக்கவுண்டபிலிட்டி இணையதளம்: நாலு நட்சத்திரம், ஒன்று பிடித்தம்

கத்தோலிக்கக் குருக்கள் மீது வந்த பாலியல் புகார்கள், அவற்றை ஆயர்கள் (பிஷப்கள்) எப்படிக் கையாண்டார்கள் என்பதற்கான காகிதங்கள், இரண்டையும் ஒரே இடத்தில் சேர்த்து வைத்திருக்கும் தளம் இது. 2003-ல், புகாருக்குள்ளான குருக்களைப் பாஸ்டன் திருச்சபைத் தலைமை மூடிமறைத்த விவகாரம் வெடித்த சூட்டிலேயே அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் ஆரம்பித்தார்கள். படிக்கக் கட்டணம் எதுவும் கிடையாது.

முதல் தடவை போகிறவர்கள் பாஸ்டன் ஆவணங்களிலிருந்து ஆரம்பியுங்கள். ஜான் கேகன் என்ற பாதிரியாரை வெஸ்டன் ஊரின் செயின்ட் ஜூலியா பங்குக்கு (ஒரு கோயிலும் அதைச் சேர்ந்த மக்களும்) அனுப்பியது சரியா என்று துணை ஆயர் ஜான் டார்சி 1984 டிசம்பரில் பேராயர் பெர்னார்ட் லாவுக்கு எழுதிய கடிதத்தைப் பாருங்கள். சிறுவர்களிடம் தவறாக நடப்பது கேகனின் பழைய கதை என்று பக்கத்து நாற்காலியில் இருந்தவரே எழுத்தில் சொல்லியிருக்கிறார். ஆனாலும் கேகன், நடுவில் 1989-ல் சில மாத விடுப்பு போக, 1993 வரை அதே பங்கில்தான் இருந்தார். லா 2002 டிசம்பரில் பதவி விலகினார், அப்புறம் 2004-ல் ரோமில் ஒரு பெரிய பசிலிக்காவுக்கு (முக்கியமான தேவாலயத்துக்கு) பொறுப்பாளராகப் போனார். பாஸ்டன் உயர்மறைமாவட்டம் (பேராயரின் ஆளுகைப் பகுதி) புகார் சொன்ன 552 பேருக்கு 8.5 கோடி டாலர் கொடுத்து வழக்குகளை முடித்தது.

எனக்கு இந்தத் தளத்தில் ரொம்பப் பயன்பட்டது குருக்களின் பணி வரலாறுதான். எந்த வருஷம் எந்தப் பங்கு என்று வரிசையாக வரும், நடுவில் திடீரென்று 'உடல்நல விடுப்பு' என்று ஒரு வரி, அடுத்து இன்னொரு ஊர், இன்னொரு பங்கு. நம் ஊரிலும் மாற்றல் பட்டியல் வந்ததும் புதுச் சாமியார் எப்படி, பூசையை நீட்டுவாரா என்று பங்கு முழுக்கப் பேசுகிறோம், பழையவர் ஏன் ரெண்டே வருஷத்தில் போகிறார் என்று கேட்பதில்லை. (கேட்டால் பங்குப் பேரவையில் அடுத்த முறை பேர் இருக்காது, அது வேறு விஷயம்.)

புகாருக்குள்ளான குருக்களின் பட்டியலை மறைமாவட்டங்களே போடுகின்றனவே, இது எதற்கு என்பவர்களுக்கு: பாஸ்டன் 2011-ல் தன் பட்டியலை வெளியிட்டபோது துறவற சபைக் குருக்களை (ஆயருக்கு நேரடியாக இல்லாமல் தங்கள் சபைக்குக் கட்டுப்பட்டவர்களை) விட்டுவிட்டது, அவர்களுக்குச் சபைத் தலைவர்கள்தான் பொறுப்பாம். அடிபட்ட பிள்ளைக்கு அவர் எந்தச் சபை என்பதா முக்கியம்?

தமிழர்கள் தேடிப் படிக்க வேண்டிய பக்கம் மினசோட்டாவின் க்ரூக்ஸ்டன் மறைமாவட்டம். உதகை மறைமாவட்டக் குரு ஜோசப் பழனிவேல் ஜெயபால் 2004-05-ல் அங்கே கிரீன்புஷ் ஊரில் வேலை பார்த்தார். இரண்டு பதின்வயதுப் பெண்கள் புகார் சொன்னார்கள். அதற்குள் அவர் இந்தியா திரும்பியிருந்தார். 2010-ல் செய்தியாளர்கள் தேடியபோது மறைமாவட்ட அலுவலகத்தில், பள்ளி ஆசிரியர் நியமனக் காகிதங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். பள்ளிக்கூட வேலை! 2012-ல் கைதாகி, அமெரிக்கா அனுப்பப்பட்டு, 2015-ல் ஒரு குற்றச்சாட்டை ஒப்புக்கொண்டார். திரும்பி வந்தபின் 2016-ல், வத்திக்கானைக் கலந்து, குருப்பணி செய்ய ஜெயபாலுக்கு இருந்த தடையை உதகை ஆயர் நீக்கினார். அதே க்ரூக்ஸ்டனின் ஆயர் மைக்கேல் ஹெப்னர், வேறொரு புகாரில் பாதிக்கப்பட்டவரை வாயடைக்கப் பார்த்தார் என்ற விசாரணைக்குப் பிறகு, 2021 ஏப்ரலில் போப் கேட்டுக்கொண்டதால் விலகினார். அந்த மறைமாவட்டம் 2019-ல் வழக்குப் போட்ட 15 பேருடன் 50 லட்சம் டாலருக்குச் சமரசம் ஆனபோது, பணத்தோடு ஆவணங்களையும் வெளியிட வேண்டும் என்பது ஒப்பந்தத்திலேயே இருந்தது. அப்படி வெளியே வந்த காகிதங்களைத்தான் இன்று நாம் உட்கார்ந்து படிக்கிறோம்.

பிடித்துக்கொண்ட ஒரு நட்சத்திரம் இந்தியாவுக்காக. அர்ஜென்டினா, சிலி, அயர்லாந்துக்குத் தனிப் பட்டியல் உண்டு, 2025-ல் பிலிப்பைன்ஸும் சேர்ந்துவிட்டது. நமக்கு இல்லை. அதற்கு அவர்களை மட்டும் குறை சொல்ல முடியாது, நீதிமன்றமோ சமரசமோ கட்டாயப்படுத்தாமல் ஆயர் இல்லங்கள் பெரும்பாலும் கோப்பைத் திறப்பதில்லை. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டப்படி தன் கீழே இருப்பவர் செய்ததை மறைத்த நிறுவனப் பொறுப்பாளருக்கு ஓராண்டு வரை சிறை உண்டு, இது பலருக்குத் தெரியவே தெரியாது.

படிக்கும்போது ஒன்றைக் கவனியுங்கள். பட்டியலில் பேர் இருந்தாலே தண்டனை பெற்றவர் என்று அர்த்தமில்லை, அதைத் தளத்திலேயே சொல்லியிருக்கிறார்கள். ஒரு பேரைப் பார்த்ததும் வாட்ஸ்அப்பில் தட்டிவிடாமல், வழக்கு எதில் முடிந்தது என்று கடைசி வரை படியுங்கள். முக்கால்வாசி ஆங்கிலம், அதுவும் வக்கீல் ஆங்கிலம், நிதானமாகத்தான் போக முடியும். சில வாக்குமூலங்களில் நடந்தது அப்படியே விவரமாக இருக்கிறது. இதைச் சிறுவயதில் அனுபவித்தவர்கள் தனியாக ராத்திரியில் உட்கார்ந்து படிக்க வேண்டாம், நம்பிக்கையான ஒருவர் கூட இருக்கட்டும். இங்கே ஒரு குழந்தைக்கு இப்போது நடக்கிறது என்று தெரிந்தால் இந்தத் தளத்தைத் தேடிக்கொண்டிருக்காமல் குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அடியுங்கள்.